முன்ஜாமீன் மனுவில் 'நான் அங்கே இல்லவே இல்லை': சொல்லலாமா, அடக்கி வைக்கலாமா?

வைகைக்கரை:
அடிதடி வழக்கு. எப்.ஐ.ஆர்படி மதுரை பக்கம் இரவு 7.30-க்குச் சம்பவம், ஆறு எதிரிகள் (குற்றம்சாட்டப்பட்டவர்கள்). நான்காம் எதிரியான ஏ4 அந்த நேரம் கோவையில் ஆலை ஷிஃப்டில் இருந்ததாகச் சொல்கிறார். பயோமெட்ரிக்கில் இன் பகல் 1.52, அவுட் இரவு 10.06. எச்.ஆர். எக்ஸெல் அனுப்பியிருக்கிறார். இந்த அலிபியை, அதாவது வேறிடத்தில் இருந்தேன் என்ற வாதத்தை, முன்ஜாமீன் மனுவிலேயே போடலாமா?

கருப்புக்கோட்டு:
போடாதீங்க சார். முன்ஜாமீனுக்கான பிரிவில், அதாவது பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 482-இல், யாரும் மினி டிரயல் நடத்த மாட்டார்கள். 'டிரயலில் பார்த்துக்கொள்ளலாம்' என்று ஒரே வரியில் தள்ளிவிடுவார்கள். வேறிடத்தில் இருந்தேன் என்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தின் 103-ஆவது பிரிவு, புதிய சட்டத்தில் 106. பினய் குமார் சிங் வழக்கில் (1997) உச்ச நீதிமன்றம், அவர் அங்கே இருந்திருக்கவே முடியாது என்ற அளவுக்கு நிரூபணம் கேட்டது. தவிர, மனு நகல் அரசு வக்கீல் வழியாக ஸ்டேஷனுக்குப் போகும். அடுத்து வரும் சாட்சி வாக்குமூலங்களில் 7.30 மெல்ல நகரும்.

ரிமாண்ட்நோட்:
பினய் குமார் வழக்கு தண்டனைக்குப் பிறகு வந்த அப்பீல். அந்த அளவுகோலை இங்கே ஏன் இழுக்கிறீர்கள்? முன்ஜாமீனில் கேள்வியே வேறு: காவலில் வைத்து விசாரிக்கும் கஸ்டடி விசாரணை தேவையா, குற்றச்சாட்டு முதல் பார்வையிலேயே ஆட்டம் காண்கிறதா? நேரம் அவ்வளவு சுலபமாக நகராது. எப்.ஐ.ஆரின் 3-ஆவது கட்டத்தில் சம்பவ நேரமும் தகவல் வந்த நேரமும் ஏறியாச்சு. ஆஸ்பத்திரி ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) காப்பியில் டாக்டர் 8.40 என்று எழுதியிருந்தால், சம்பவத்தைப் பத்து மணிக்குத் தள்ள முடியுமா? சும்மா உட்கார்ந்திருந்தால் நமக்குத்தான் நஷ்டம். ஆலை சிசிடிவி பெரும்பாலும் 15 முதல் 30 நாளில் பழையதன் மேலேயே எழுதிவிடும்.

கருப்புக்கோட்டு:
ஆதாரத்தை எடுத்து வைங்க, யார் வேண்டாமென்றது? மனுவில் கொட்டாதீங்க என்றுதான் சொல்கிறேன். அந்த 10.06 விரல் வைத்துப் பதிந்ததா, பிறகு கையால் சேர்த்ததா? எக்ஸெலில் இரண்டும் ஒரே மாதிரிதான் தெரியும்.

வைகைக்கரை:
கேட்டேன். அவுட் விட்டுப்போனதால் மறுநாள் சூப்பர்வைசர் சேர்த்தாராம்.

கருப்புக்கோட்டு:
போச்சா? மிச்சம் 1.52 மட்டும். அங்கிருந்து 7.30-க்குள் மதுரைக்கு ஐந்தரை மணி நேரம், பஸ்ஸிலேயே வந்துவிடலாம். இதை அபிடவிட்டோடு தாக்கல் செய்திருந்தால், ஜாமீன் போவது கிடக்கட்டும், பொய்ச் சாட்சியத்துக்கு பி.என்.எஸ். (புதிய தண்டனைச் சட்டம்) 229-இல் தனி வழக்கே வரலாம்.

ரிமாண்ட்நோட்:
சரி, அந்த ஷீட் வேண்டாம். மெஷினின் மூல லாக் வாங்குங்க. புதிய சாட்சியச் சட்டம் 63(4)-இன்படி மின்னணுப் பதிவுக்கான சான்றிதழ், பகுதி 'ஏ' கருவியின் பொறுப்பாளரிடம், பகுதி 'பி' நிபுணரிடம், ஹாஷ் மதிப்போடு (கோப்பு மாறவில்லை என்று காட்டும் டிஜிட்டல் கைரேகை). ஜாமீன் கட்டத்தில் கேட்காவிட்டாலும் டிரயலில் கேட்பார்கள். டவர் லொகேஷனை மட்டும் நம்பாதீங்க, அது போன் இருந்த இடத்தைத்தான் காட்டும். பாஸ்டேகும் அப்படித்தான், வண்டிக்கு மட்டும் சாட்சி.

ஆனால் அலிபியை அடியோடு மறைப்பதும் தப்பு. இப்போது வாயே திறக்காமல் டிரயலில் கொண்டு வந்தால், 'பின்யோசனை' என்று பி.பி. (அரசு வக்கீல்) கிழித்துவிடுவார். ஒரே பத்தி போதும்: சம்பவ நேரத்தில் மனுதாரர் கோவையில் பணியில் இருந்தார், பதிவேடுகளைப் பாதுகாக்கும்படி நிர்வாகத்துக்குக் கடிதம் கொடுத்திருக்கிறார், விசாரணை அதிகாரி கூப்பிட்டால் ஆஜராவார். மணி நிமிடமும் சாட்சி பெயரும் வேண்டாம்.

கருப்புக்கோட்டு:
அதுவும் கடைசிக் காரணமாக. முதலில் ஏ.ஆர். காப்பி. 'தெரிந்த மூன்று பேர் தாக்கியதாக' என்றிருந்து எப்.ஐ.ஆரில் ஆறு பேர் ஆனால், அதைவிட நல்ல பாயிண்ட் கிடையாது. ஏ4 கம்பால் இடது தோளில் அடித்தார் என்கிறார்களே, காயச் சான்றில் தோளில் காயம் இருக்கிறதா? எப்.ஐ.ஆரில் கூட்டுச்சதி, அதாவது பி.என்.எஸ். 61 இருக்கிறதா என்றும் பாருங்க. இருந்தால் கோவையில் இருந்தேன் என்பது பாதி பதில்தான்; சதியைப் போனிலேயே செய்யலாம்.

வைகைக்கரை:
61 இல்லை, சட்டவிரோதக் கூட்டத்துக்கான 190 தான். ஏ.ஆரில் நான்கு பேர் என்றிருக்கிறது. இன்னொன்று, கேன்டீனில் இரவு 8.15-க்கு ஒரு ஸ்வைப் இருக்கிறதாம்!

கருப்புக்கோட்டு:
கார்டா, விரலா?