லிமிட்டைப் பார்த்தேன், திகதியைப் பார்க்கவில்லை

திருநெல்வேலிப் பிள்ளை

கடையில் வாங்கும் சாமானின் விலையை மூன்றாகப் பிரித்துக் கட்டும் செயலிகள் பாவிப்பவர்கள் உங்கள் கதையையும் எழுதுங்கள். முதலில் என்னுடையது.

யாழ்ப்பாணத்தில் ஆஸ்பத்திரி வீதிப் பக்கம் ஒரு மருந்துக்கடையில் வேலை செய்கிறேன். சம்பளம் 25ஆம் திகதி, கைக்கு 52,000 வரும். நல்லூர்த் திருவிழாக் காலத்தில் கூட வேலை செய்யும் அக்காவோடு சேலை எடுக்கப் போனேன். சேலையும் செருப்பும் 18,000. காசு கொடுக்கப் போன நேரம் கவுண்டரில் நின்ற தம்பி, "அக்கா, இப்ப ஆறாயிரம் கட்டினால் காணும், மிச்சம் பிறகு. வட்டி இல்லை" என்றான். அடையாள அட்டையைப் படம் எடுத்து, டெபிட் காட் இலக்கத்தைக் கொடுத்து, கடைக்குள் நின்றபடியே பதிவு முடிந்தது. பத்து நிமிடம் கூட ஆகவில்லை. லிமிட் 60,000 என்று பச்சை எழுத்தில் வந்தது. என்னுடைய சம்பளத்தை விடக் கூட!

அது ஓகஸ்ட் 6. பிறகு 14ஆம் திகதி அம்மாவுக்கு 24,000க்கு ஒரு கிரைண்டர். 22ஆம் திகதி தம்பிக்கு 36,000க்கு போன். போன் வாங்கும்போது ஒரு சம்பவம். செயலியில் மிச்ச லிமிட் 32,000 என்றுதான் இருந்தது. போனின் விலை அதைவிடக் கூட, எனவே வராது என்று நினைத்தேன். வந்துவிட்டது. ஏனென்றால் அது முழு விலையைப் பார்க்கவில்லை, முதல் தவணை 12,000 போக நான் கடன்படும் 24,000ஐ மட்டும்தான் லிமிட்டில் கழித்தது. எனக்கு அன்றைக்குப் பெரிய சந்தோசம். ஏதோ கெட்டித்தனமாக வாங்கிவிட்டேன் என்ற நினைப்பு.

இனிக் கணக்கைப் பாருங்கள். இரண்டாம் தவணை வாங்கிய நாளிலிருந்து 30ஆம் நாள், மூன்றாவது 60ஆம் நாள். சேலைக்கு செப்டெம்பர் 5, கிரைண்டருக்கு 13, போனுக்கு 21. மூன்றும் செப்டெம்பர்ச் சம்பளத்துக்கு முன்னம். மாத முடிவில் மொத்தமாக ஒரு பில் வரும், சம்பளம் எடுத்துக் கட்டலாம் என்று நான்தான் மனதுக்குள் ஒரு சட்டம் போட்டு வைத்திருந்தேன். அப்படி ஒன்றும் எழுதியிருக்கவில்லை. ஒவ்வொரு ஓடருக்கும் தனித்தனித் திகதி, முதல் நாளே செயலியில் இருந்தது. நான் பச்சை எழுத்தை மட்டும் பார்த்தேன்.

5ஆம் திகதி ஆறாயிரம் போய்விட்டது. 13ஆம் திகதி விடிய எட்டாயிரம் எடுக்கப் பார்த்திருக்கிறது, கணக்கில் 5,300 தான். எடுபடவில்லை. தாமதக் கட்டணம் 600. 21ஆம் திகதி போன் தவணையும் அதே கதை, இன்னொரு 600. ஆளுக்கு ஒரு கட்டணம் இல்லை, ஓடருக்கு ஒரு கட்டணம். 25ஆம் திகதி சம்பளம் விழுந்தவுடன் 21,200 கட்டினேன். அதே சம்பளத்தில்தான் ஒக்டோபர் 5, 13, 21 தவணைகளும் கட்ட வேண்டும், அது 26,000. ஆக 52,000இல் 47,200 செயலிக்கு. சீட்டுக்காசு, வீட்டுச் செலவு, பஸ் எல்லாவற்றுக்கும் 4,800.

அம்மாவின் காப்பு ஒன்று இப்போது அடகில் இருக்கிறது. கிரைண்டர் வாங்கிக் கொடுத்தது அவவுக்குத்தான்.


கொக்குவில் கணக்கன்

தங்கச்சி, அந்த 600ஐ ஒருக்கால் கணக்குப் பார்த்தேன். 13ஆம் திகதியிலிருந்து 25 வரை 12 நாள், 8,000 ரூபாய்க்கு 600. அதாவது 12 நாளுக்கு நூற்றுக்கு ஏழரை. வருடத்துக்குப் போட்டால் நூற்றுக்கு 228. அடகுக் கடைக்காரன் இந்த வட்டி கேட்டால் ஊரே திரண்டு நிற்கும். ஆனால் இங்கே அதற்குப் பெயர் கட்டணம், வட்டி இல்லை.

நான் பாவிக்கும் செயலியில் உங்களுடையதற்கு மாறான விதி. பில் முழுவதும் லிமிட்டுக்குள் அடங்க வேண்டும், மிஞ்சினால் மிஞ்சிய தொகையை முதல் தவணையோடு சேர்த்துக் கேட்கும். 40,000 லிமிட்டில் 46,000க்கு ரி.வி எடுத்தேன். 46,000ஐ மூன்றால் பிரித்து 15,000 சொச்சம் கேட்கும் என்று போனால், முதலில் 19,333 கேட்டது. மேலதிக 6,000ம் மிச்சத்தின் மூன்றில் ஒரு பங்கும். கடைக்காரனோடு வாக்குவாதப்பட்டேன், பாவம், அவனுக்கும் தெரியாது.

இன்னொன்று, 30 நாள் என்பது ஒரு மாதம் இல்லை. நான் சம்பளம் எடுத்து மூன்று நாள் கழித்துத்தான் எதுவும் வாங்குவேன், தவணையும் சம்பளத்துக்குப் பின்னால் வரும் என்ற எண்ணத்தில். ஜனவரி 28இல் வாங்கினால் பெப்ரவரி 27, மார்ச் 29. அது சரி. ஆனால் 31 நாள் உள்ள மாதங்கள் அடுத்தடுத்து வந்தால் தவணை ஒவ்வொரு நாளாக முந்திவிடும். ஜூலை 26இல் வாங்கியது ஓகஸ்ட் 25, செப்டெம்பர் 24. 25ஆம் திகதி சம்பளக்காரருக்கு ஒரு நாளால் தவறிவிடும்.


கஸ்தூரியார் வீதிக் கடைக்காரர்

வாக்குவாதம் என்றவுடன் என்னுடைய பக்கத்தையும் சொல்கிறேன். கவுண்டரில் நிற்கும் பிள்ளைகளைத் திட்டாதீர்கள். "வட்டி இல்லை" என்றுதான் எங்களுக்கும் சொல்லித் தருகிறார்கள், அது பொய்யும் இல்லை. வட்டிக்குப் பதில் எங்களிடம் தரகு பிடிக்கிறார்கள். நீங்கள் 10,000க்குச் சாமான் எடுத்தால் செயலிக்காரர் தங்கள் பங்கைக் கழித்துக்கொண்டு மிச்சத்தை எங்களுக்குத் தருவார்கள். நீங்கள் கட்டினாலும் கட்டாவிட்டாலும் எங்கள் காசு வந்துவிடும், அந்த ஆபத்து அவர்களுடையது. ஆனால் அந்தத் தரகு, நீங்கள் வங்கிக் காட்டில் கட்டினால் வங்கி எங்களிடம் பிடிப்பதைவிடக் கூட. அதனால்தான் பல கடைகளில் காசுக்குக் கழிவு, செயலிக்குக் கழிவு இல்லை. ஒன்று கேட்டுப் பாருங்கள்: "காசாகத் தந்தால் எவ்வளவு?" சேலைக்கு ஆயிரம் ரூபாய் குறைந்தாலும் அதுதான் நீங்கள் கட்டுகிற வட்டி.

சாமான் திருப்புவதில்தான் அதிகம் சண்டை வரும். போன வருடம் தேர்த் திருவிழாவுக்கு முதல் நாள் ஒரு ஐயா வந்தார். மகள் செயலியில் எடுத்த சப்பாத்து அளவில்லை, காசைத் தா என்றார். மகள் கட்டியது மூன்றில் ஒரு பங்கு. முழு விலையை அவர் கையில் கொடுத்துவிட்டு ஓடரும் ரத்தானால் நான் இரண்டு தரம் இழப்பேன். நான் செயலியில் ஓடரை ரத்துச் செய்ய வேண்டும், அவர்கள் மிச்சத் தவணைகளை நீக்கி, கட்டியதை அதே காட்டுக்கு அனுப்ப வேண்டும். அதற்குச் சில நாள் எடுக்கும். அதற்கிடையில் தவணை நாள் வந்தால் எடுபடும். ஐயாவுக்கு இதைச் சொல்லி முடிக்கத் தேநீர் இரண்டு போயிற்று. கடைசியில் அளவான சப்பாத்து ஒன்றையே மாற்றிக் கொடுத்துவிட்டேன், எல்லாருக்கும் நிம்மதி.


சுன்னாகத்து மாமி

எனக்கு இந்தச் செயலி ஒன்றும் தெரியாது. ஆனால் என்னுடைய பெயரில் ஒன்று இருக்கிறது.

பெறாமகன் ஒருவன் வந்து, "மாமி, உங்கட ஐடியையும் போனையும் ஒருக்காத் தாங்கோ, ஒரு சாமானுக்குப் பதியவேணும்" என்றான். அவனுடைய கணக்கு முடங்கிக் கிடந்ததாம், எனக்குச் சொல்லவில்லை. போனுக்கு வந்த இலக்கத்தையும் நானே வாசித்துக் கொடுத்தேன். இரண்டு மாதம் கழித்து எனக்குத்தான் மெசேஜ், பிறகு அழைப்பு. அழைத்த பிள்ளை மரியாதையாகத்தான் கதைத்தது. "அம்மா, உங்கட பெயரில 14,000 நிலுவை." நான் கடைக் கொப்பியில் கூட 500க்கு மேல் எழுதவிட்டதில்லை.

நுண்கடன் காலத்தைக் கண்டவள் நான். கிழமைக்கு ஒருநாள் பாய் விரித்துப் பத்துப் பெண்கள் இருப்போம், ஒருத்தி கட்டாவிட்டால் மற்றவர்கள் சேர்ந்து கட்ட வேண்டும். உத்தியோகத்தர் படலையில் மோட்டார் சைக்கிளை நிற்பாட்டினால் அயலுக்கே தெரியும். 2018இல் வறட்சி பாதித்த மாவட்டங்களில் பெண்கள் எடுத்த சிறு கடன்களை அரசாங்கம் தள்ளுபடி செய்தது, ஒரு இலட்சம் வரை. அதற்குள் எத்தனை குடும்பம் தாலிக்கொடி விற்றது. அதில் வெட்கம் இருந்தது. இதில் வெட்கமே இல்லை, யாரும் படலைக்கு வருவதில்லை, அதனால் எவ்வளவு ஏறியது என்று வீட்டுக்குள் இருக்கிறவனுக்கும் தெரியாது.

14,000ஐயும் நான்தான் கட்டினேன். பெறாமகன் இப்போது வந்தால் தேத்தண்ணி கொடுப்பேன், போன் கொடுக்கமாட்டேன்.


மானிப்பாய் ஓட்டோக்காரன்

மாமி சொன்னது சரி. பதிவு செய்தவர் பெயரில்தான் கடன்.

நான் விட்ட பிழை வேறு. செயலியில் டெபிட் காட் போடாமல் கிரெடிட் காட் போட்டேன், லிமிட் கூடத் தருவார்கள் என்று ஒருவர் சொன்னார், உண்மையில் கூடவும் தந்தார்கள். தவணை ஒன்றும் பிந்தவில்லை. செயலியில் எனக்கு நல்ல பெயர். ஆனால் அந்தத் தவணைகள் எல்லாம் காட் கணக்கில் ஏறிக்கொண்டிருந்தன. செயலியில் வட்டி இல்லாத சாமானுக்கு வங்கியில் வட்டி கட்டினேன். குறைந்தபட்சத் தொகையையும் இரண்டு மாதம் தவறவிட்டேன்.

பிறகு புது ஓட்டோவுக்கு லீசிங் கேட்டுப் போனபோதுதான் கிரிப் என்ற சொல்லை ஒழுங்காகக் கேள்விப்பட்டேன். கடன் தகவல் பணியகம், 1990இல் சட்டம் போட்டு உருவாக்கியது. வங்கிகளும் லீசிங் கம்பனிகளும் நாங்கள் எப்படிக் கட்டுகிறோம் என்பதை அங்கே அறிவிப்பார்கள். காட் பிந்திய இரண்டு மாதமும் அச்சடித்த மாதிரி அதில் இருந்தது. எங்களுடைய அறிக்கையை நாங்களே கட்டணம் கட்டி எடுக்கலாம், எடுத்துப் பாருங்கள். லீசிங் தம்பி, "அண்ணை, ஒரு ஆறு மாதம் ஒழுங்காக் கட்டிப்போட்டு வாங்கோ" என்று அனுப்பிவிட்டார். பழைய ஓட்டோதான் இன்னும் ஓடுகிறது, பற்றறியை மட்டும் மாற்றினேன்.


கொக்குவில் கணக்கன்

வங்கி, லீசிங் கம்பனி பற்றிய முறைப்பாடு என்றால் முதலில் அந்த நிறுவனத்துக்கு எழுத்தில் கொடுங்கள், சரிவராவிட்டால் மத்திய வங்கியின் 1935 இலக்கம் இருக்கிறது. செயலிக்காரருக்கும் எழுத்தில்தான். தொலைபேசியில் சொன்னதற்குச் சாட்சி இல்லை.


திருநெல்வேலிப் பிள்ளை

எல்லாருக்கும் நன்றி, மாமிக்கு விசேடமாக. தம்பியின் போனிலிருந்து என்னுடைய காட் விபரத்தை நேற்றே அழித்துவிட்டேன்.

கடைக்கார அண்ணை சொன்னபடி சேலைக் கடையில் போய்க் கேட்டேன். காசுக்கு 17,000 ஆக இருந்திருக்குமாம். கேட்டிருக்கவே கூடாது.

நேரத்துக்கு முன்னமே கட்டலாம் என்பதும் இப்போதுதான் கண்ணில் பட்டது. ஒவ்வொரு ஓடருக்குள்ளும் போனால் கீழே 'இப்போது கட்டவும்' என்று ஒரு பொத்தான் இருக்கிறது. ஒக்டோபர் 5ஆம் திகதித் தவணையை அப்படித்தான் இரண்டு நாள் முன்னம் கட்டினேன். கட்டியவுடன் ஆறாயிரம் லிமிட்டில் திரும்ப வரும் என்று பார்த்தால், மொத்த லிமிட்டே 20,000 ஆகக் குறைந்திருந்தது. இரண்டு தரம் பிந்தியதற்கு. அம்மாவிடம் சொன்னேன். அவ தேங்காய் துருவிக்கொண்டே, "சந்திக்கடைச் செல்லையரும் அப்பிடித்தான். சொன்ன நாளில குடுக்காட்டி அடுத்த தரம் அரைக் கிலோதான் நிறுப்பார்" என்றா.

கையால்தான் துருவிக்கொண்டிருந்தா. கிரைண்டரின் மூடி வெடித்துவிட்டது. உத்தரவாத அட்டையைத் தேடுகிறேன், இதற்குச் செயலிக்காரரிடம் போக முடியாது, கடைக்குத்தான் போக வேண்டும் என்று நினைக்கிறேன். கடைக்கார அண்ணை, அப்படித்தானே?


கஸ்தூரியார் வீதிக் கடைக்காரர்

ஓம் பிள்ளை, கடைக்குத்தான். பில்லின் படம் செயலியில் ஓடருக்குள் இருக்கும், அதைக் காட்டினாலும் போதும். 13ஆம் திகதித் தவணையை நிற்பாட்டிப் போடாதீர்கள். மூடி உடைந்ததென்று செயலிக்காரர் விடமாட்டார்கள்.