கவிதை இதழ் தொடங்கப் போகிறோம்: தம்பிமுத்து லண்டனில் எப்படி நடத்தினார்?

காவிரிக்கரை:
நாங்கள் மூன்று பேர் சேர்ந்து கவிதைக்கென்றே ஒரு இதழ் கொண்டுவரப் போகிறோம். தமிழ்க் கவிதைகளோடு நாலைந்து மொழிகளிலிருந்து மொழிபெயர்ப்பும் இருக்கும். டெமி அளவு, 64 பக்கம், 300 பிரதி. கைக்காசு இரண்டு இதழுக்குக் காணும். அப்புறம்? யாழ்ப்பாணத்துத் தம்பிமுத்து இரண்டாம் உலகப் போர்க்கால லண்டனிலேயே ‘பொயட்ரி லண்டன்’ என்று ஒரு ஆங்கிலக் கவிதை இதழ் நடத்தினார் என்று நண்பர் ஒருவர் சொன்னார். எப்படி முடிந்தது அவரால்? தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

அச்சுவேலியான்:
தம்பி, அவர் எங்கள் ஊர்க்காரர். 1915-இல் அச்சுவேலியில் பிறந்தவர். 1938-இல் லண்டன் போனார், அடுத்த வருடமே முதல் இதழ் வந்துவிட்டது. வயது 23. டிலன் தாமஸ், லாரன்ஸ் டரல், டேவிட் கேஸ்காய்ன் என்று பெயர்பெற்ற ஆங்கிலக் கவிஞர்கள் எல்லாரும் அதில் எழுதினார்கள்.

போர் வந்ததும் தாளுக்குப் பங்கீடு. தனி ஆளாக அவரால் தாக்குப்பிடித்திருக்க முடியாது. நிக்கல்சன் அண்ட் வாட்சன் என்ற பதிப்பகம் அவரைத் தாங்கியது. அதன் நிழலில் புத்தகங்களும் போட்டார். கவிஞர் கேத்லீன் ரெயினின் முதல் தொகுப்பு 1943-இல் சிற்பி பார்பரா ஹெப்வொர்த்தின் ஓவியங்களோடு அப்படித்தான் வந்தது.

லண்டன் நூலகம் ஒன்றில் போர்க்கால இதழ் ஒன்றைக் கையில் வாங்கிப் பார்த்தேன். தேயிலைச் சாயம் ஏறியதுபோல் தாள் பழுத்திருந்தது. ஓரத்தைத் தொட்டால் பொடி விரலில் ஒட்டிக்கொண்டது. இதழின் சின்னம் லயர்ப் பறவை, யாழ் போன்ற வால் கொண்டது. சிற்பி ஹென்றி மூரே ஒருமுறை அதை வரைந்து கொடுத்திருக்கிறார். ஆசிரியர் பெயர் இருக்கும் இடத்தில் ‘தம்பிமுத்து’ என்று மட்டும். கொஞ்ச நேரம் பக்கத்தைத் திருப்பவே மனம் வரவில்லை.

ஒன்று சொல்ல வேண்டும். இதழ் ஒழுங்காக வந்ததில்லை. பத்தாவது 1944-இல் வந்தது, பதினொன்றாவதற்கு 1947 வரை காத்திருந்தார்கள்.

பழைய_சிறுபத்திரிகை:
பணத்தை விட எனக்குப் பெரிதாகப் படுவது, நம்மை நம்பி அனுப்புகிறவர்களுக்கு நாம் படும் கடன். கீத் டக்ளஸ் என்ற இளைஞர் போர்முனையிலிருந்து தம்பிமுத்துவுக்குக் கவிதை அனுப்பிக்கொண்டிருந்தார். அவற்றைப் புத்தகமாகப் போடுவதாக ஏற்பாடு. 1944 ஜூன் 9, நார்மண்டியில் டக்ளஸ் கொல்லப்பட்டார். வயது 24. அவருடைய முழுத் தொகுப்பு வந்தது 1951-இல்தான். ஆனாலும் அந்தக் கவிதைகள் இன்று நமக்குக் கிடைப்பதில் தம்பிமுத்துவுக்குப் பெரிய பங்கு உண்டு. அதை மறக்கக் கூடாது.

நானும் ஒரு சிறுபத்திரிகையை 11 இதழ் வரை நடத்தினேன். வீடு மாற்றியபோது ஒரு கவிஞர் கையால் எழுதித் தந்த ஒன்பது கவிதைகளைத் தொலைத்துவிட்டேன். அவரிடம் நகல் இல்லை. சிவப்புக் கோடு போட்ட தாள், பச்சை மை. இன்றும் பழைய கட்டுகளைப் பிரித்தால் அந்த மையைத்தான் கண் தேடுகிறது. ஒரு நோட்டு போடுங்கள்: எது எப்போது வந்தது, என்ன பதில் சொன்னோம், எந்த இதழில் வருகிறது. முதல் இதழுக்கு முன்பே போட்டுவிடுங்கள்.

காவிரிக்கரை:
ஐயா, இன்றைக்கே நோட்டு வாங்கிவிடுகிறேன். கடைசியில் அந்த இதழ் ஏன் நின்றது?

அச்சுவேலியான்:
போருக்குப் பின் புரவலர் ஆதரவு போய்விட்டது. 1949-இல் அவர் இலங்கை திரும்பினார். வேறு கைகளில் 1951 வரை இழுத்து, நின்றது. ஆனால் அவர் விடவில்லை. 1956-இல் நியூயார்க்கில் ‘பொயட்ரி லண்டன் நியூயார்க்’ என்று மறுபடி தொடங்கினார், நான்கு இதழ். பிறகு லண்டனுக்கே வந்து, பீட்டில்ஸ் இசைக்குழுவின் ஆப்பிள் நிறுவனம் (கணினி ஆப்பிள் இல்லை) பணம் கொடுக்க, 1979-இல் இன்னொன்று. 1983-இல் இறக்கும் வரை இதழ் நினைப்புதான்.

உங்கள் இதழுக்குச் சந்தா எவ்வளவு, தம்பி? வெளிநாட்டுத் தபால் செலவையும் சேர்த்துச் சொல்லுங்கள், இரண்டு வருடத்துக்கு அனுப்பிவிடுகிறேன்.