ரோமானியர் கால பிரிட்டன்: நல்ல நாவல்கள் இருந்தால் சொல்லுங்களேன்

நண்பர்களே, ரோமானியர் ஆட்சியில் இருந்த பிரிட்டனில் நடக்கும் சரித்திர நாவல்கள் தேடுகிறேன்.

காரணம் விண்டோலண்டா. வட இங்கிலாந்தில், ரோமானியர் எல்லைக்காவலுக்குக் கட்டிய ஹேட்ரியன் சுவருக்குச் சற்றுத் தெற்கே இருந்த கோட்டை, கி.பி. 122இல் சுவர் எழும்பத் தொடங்கியதற்கும் முந்தியது. 1973 முதல் அங்கே மையால் எழுதிய மெல்லிய மரத்தகடுகள் கிடைத்துவருகின்றன. ஒன்றில் கிளாடியா செவெரா என்ற பெண், கோட்டைத் தளபதியின் மனைவி லெபிடினாவைத் தன் பிறந்தநாளுக்கு அழைக்கிறாள். கடிதத்தை எழுதியது வேறொருவர். கடைசியில் சில வரிகள் மட்டும் அவளே, கொஞ்சம் கோணலான கையெழுத்தில். இன்னொரு தகட்டில் யாருக்கோ காலுறையும் உள்ளாடையும் அனுப்பிய செய்தி! படித்ததிலிருந்து மனசு அங்கேயே இருக்கிறது.

இந்த மாதிரி மனிதர்கள் நடமாடும் கதை வேண்டும். படையெடுப்பு நாவல்கள் சில படித்தேன். பக்கத்துக்குப் பக்கம் வாள்வீச்சு. அடுப்பில் என்ன வெந்தது, குளிரை எப்படித் தாங்கினார்கள் என்பதெல்லாம் வருவதே இல்லை. அப்புறம், உள்ளூர் பிரிட்டானியர் கண்ணில் படைவீரர்கள் எப்படித் தெரிந்தார்கள் என்று சொல்லும் நாவல் இருந்தால் இன்னும் நல்லது. கோட்டைக் காவலில் இருந்தவர்களிலேயே பலர் இன்றைய நெதர்லாந்து, பெல்ஜியம் பக்கத்து ஆட்கள்தானே.

தமிழில் மொழிபெயர்ப்பு இருந்தால் முதலில் அதைச் சொல்லுங்கள். ஆங்கிலமும் சரி. தொடர் நாவல் என்றால் எந்தப் பாகத்தில் தொடங்கலாம் என்றும் எழுதுங்கள்.