புதுப்பிப்பு: பாதியில் நிற்கும் அப்டேட், காரணம் கிடைத்தது

என் லினக்ஸ் மெஷினில் அப்டேட் பாதியிலேயே நின்றுபோகிறது என்று போன வாரம் புலம்பியிருந்தேனே, தீர்ந்துவிட்டது. நெட், மிரர் (அப்டேட் இறங்கும் சர்வர்) என எல்லாவற்றையும் சந்தேகப்பட்டேன். குற்றவாளி பூட் பார்ட்டிஷன், அதாவது மெஷின் எழத் தேவையான கோப்புகள் இருக்கும் டிஸ்க் பகுதி.

டிஸ்கில் 80 ஜிபி காலி என்று நானே எழுதியிருந்தேன். ஆனால் பூட் தனிப் பார்ட்டிஷன், மொத்தமே 512 எம்பி. எது எவ்வளவு நிரம்பியிருக்கிறது என்று காட்டும் டிஎஃப் கமாண்டில் அந்த வரியைப் பார்த்தால் 100%! கெர்னல் (லினக்ஸின் மையப் பகுதி) நான்கு குந்தியிருந்தன. புதிய கெர்னலுக்கான இனிட்ராம்எஃப்எஸ் கோப்பை (மெஷின் எழும்போது கெர்னலுக்குத் துணையாக ஏறுவது) எழுத இடமில்லை, அதான் ஒவ்வொரு முறையும் முறிந்திருக்கிறது.

தேவையற்ற பழைய பேக்கேஜ்களை நீக்கும் ஆட்டோரிமூவ் கொடுத்தால் அதுவும் அதே பிழையைக் கக்கியது. அரைகுறையாய் நின்ற பேக்கேஜ் வழிமறித்தது. கடைசியில் யூநேம் போட்டு, ஓடிக்கொண்டிருக்கும் கெர்னல் எது என்று இரண்டு முறை பார்த்துவிட்டு (இதில் தவறினால் அடுத்த முறை மெஷின் எழாமல் போகலாம்), ஆகப் பழைய கெர்னலின் இனிட்ஆர்டி கோப்பை (மேலே சொன்ன இனிட்ராம்எஃப்எஸ்தான்) மட்டும் கையால் அழித்தேன். பிறகு அரைகுறை பேக்கேஜை முடித்துவைக்கும் டிபிகேஜி கான்ஃபிகர், அப்புறம் ஆட்டோரிமூவ். இரண்டும் சத்தமில்லாமல் முடிந்தன. இப்போது 47%.

மொத்தமாய் ரீஇன்ஸ்டால் செய்யச் சொன்னவர்களே, தேவைப்படவில்லை. நான் பிழைச் செய்தியின் கடைசி வரியையே முறைத்துக்கொண்டிருந்தேன். ‘இடமில்லை’ என்பது அதற்கு ஆறு வரி மேலே இருந்தது.