பார்னி ஓல்ட்ஃபீல்ட் நடித்த 1913 படம்: நல்ல பிரதி கிடைக்குமா?

நண்பர்களே, ஒரு உதவி வேண்டும். எங்கள் தெருப் பிள்ளைகளுக்கு மாதம் ஒருமுறை மொட்டை மாடியில் பழைய படம் போட்டுக் காட்டுகிறேன், அடுத்த முறை அமெரிக்க கார் பந்தய வீரர் பார்னி ஓல்ட்ஃபீல்டின் ஊமைப்படம் போட ஆசை. மாக் சென்னட் இயக்கியது. நடிகை மேபல் நார்மண்டை வில்லன் தண்டவாளத்தில் கட்டிப்போட, ஓல்ட்ஃபீல்ட் காரில் ரயிலோடு போட்டி போட்டு வந்து காப்பாற்றுவார். ஓல்ட்ஃபீல்டாகவே நடித்திருக்கிறார், அதுதான் எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது.

சைக்கிள் பந்தயத்தில் இருந்து வந்தவர் அவர். 1902இல் ஹென்றி ஃபோர்டின் ‘999’ என்ற பந்தயக் காரை ஓட்டி ஜெயித்தார். அதில் வட்டமான ஸ்டியரிங் கிடையாது, இரண்டு கையாலும் பிடித்துத் திருப்பும் ஒரு கம்பிதான், மேலே மூடியும் இல்லை. மறு வருடம் இண்டியானாபொலிஸ் மண் தடத்தில் ஒரு மைலை 59.6 வினாடியில் கடந்தார். வட்டத் தடத்தில் நிமிடத்துக்கு ஒரு மைல் என்பதை முதலில் தாண்டியவர் இவர்தான்! அப்புறம் 1910இல் டேடோனா கடற்கரையில் மணிக்கு 131 மைலுக்கு மேல்.

இணையத்தில் நான் பார்த்த பிரதிகள் ஒரே மங்கல், ரயில் காட்சியில் முகமே தெரியவில்லை. திரையில் போடும் அளவுக்குத் தெளிவான பிரதி யாரிடமாவது இருக்கிறதா? இடையில் வரும் எழுத்து அட்டைகளைத் தமிழில் மாற்றிப் படத்தோடு சேர்க்க எந்த மென்பொருள் சுலபம் என்றும் சொல்லுங்கள், போனிலேயே செய்ய முடிந்தால் ரொம்ப நல்லது.