ஒன்பது கீட்டனும் ஒரு கைப்பிடியும்

ரீல்பெட்டி: 1921இல் வந்த ‘தி ப்ளேஹவுஸ்’ படத்தில் மேடையில் வரிசையாக உட்கார்ந்திருக்கும் ஒன்பது பேரும் மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் ஒருவரே. அந்த ஒன்பது கீட்டனையும் தனித்தனியாக எடுத்து, பிறகு ஃபிலிம் லேபில் ஒட்டினார்களாம். நேற்று ஒருவர் எழுதியிருந்தார். படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. உண்மையில் கேமரா லென்ஸுக்கு முன்னால் ஒன்பது தடுப்புகள் வைத்த பெட்டி. ஒன்றைத் திறந்து ஒரு கீட்டனைப் பிடிப்பார்கள். அதை மூடி, ஃபிலிமைப் பின்னால் சுற்றி, அடுத்ததைத் திறப்பார்கள். ஒரே ஃபிலிம், ஒன்பது முறை! கேமராவை ஓட்டும் கைப்பிடியைச் சுற்றியவர் ஒளிப்பதிவாளர் எல்ஜின் லெஸ்லி.

தூத்துக்குடிக்காரன்: அந்த ‘ஒருவர்’ நான்தான் அண்ணே, நேராகவே சொல்லலாம். கையால் சுற்றினால் வேகம் கூடும், குறையும். ஒன்பது முறையும் ஒரே வேகம் எப்படி வரும்?

ரீல்பெட்டி: வந்ததே! பாஞ்சோ என்ற தந்தி வாத்தியத்தின் தாளத்துக்குக் கீட்டன் ஆடினார், லெஸ்லி வேகம் மாறாமல் சுற்றினார். அவரை மனித மெட்ரோனோம், அதாவது தாளம் பிசகாத கருவி, என்று புகழ்ந்ததே கீட்டன்தான். இரண்டு கீட்டன்கள் ஜோடியாக ஆடும் இடத்தில் கால்களைப் பாருங்கள்.

மௌனராகம்: பிரெஞ்சு சினிமா முன்னோடி மெலியே 1900லேயே ஏழு மெலியேக்களை ஒரே மேடையில் வாத்தியம் வாசிக்க வைத்துவிட்டார். இதில் என்ன புதுசு?

ரீல்பெட்டி: ஏழு வேறு, ஒன்பது வேறு. கூடக்கூட ஒரு சுற்று பிசகினால் மொத்தமும் பாழ்.

மௌனராகம்: இரண்டுதானே வித்தியாசம்! முகத்தில் கரி பூசிக் கறுப்பினத்தவரைக் கேலி செய்யும் காட்சி அது. அதைப் பற்றி வாய் திறக்க மாட்டீர்களா?

ரீல்பெட்டி: அது தப்புதான். இங்கே பேச்சு கைப்பிடியைப் பற்றி.

சாப்ளின்தாசன்: எங்கள் ஆளுக்கு இந்தப் பெட்டி வித்தையெல்லாம் தேவைப்படவில்லை.

ரீல்பெட்டி: வந்துவிட்டீர்களா? போன மாதம் கீட்டனுக்கு நடிக்கவே தெரியாது என்றவர்தானே நீங்கள்? நான் மறக்கவில்லை. 1920இல் ‘ஒன் வீக்’ படத்தில் வீட்டுச் சுவர் அப்படியே அவர் மேல் சாயும், ஜன்னல் ஓட்டைக்குள் நின்று தப்புவார். கடைசியில் வீட்டை ரயில் நிஜமாகவே இடித்து நொறுக்கும். அதில் எந்தப் பெட்டி இருந்தது?

சாப்ளின்தாசன்: சுவர் விழுந்தால் நடிப்பு ஆகிவிடுமா?

தூத்துக்குடிக்காரன்: சுவர், ரயில் எல்லாம் இருக்கட்டும். ஒன்பது முறையும் ஒரே வேகமா? எனக்கு நம்பிக்கை இல்லை.

ரீல்பெட்டி: லேபில் ஒட்டினார்கள் என்பதற்கு முதலில் நீங்கள் ஆதாரம் காட்டுங்கள் தம்பி. ஒட்டுவதென்றால் ஃபிலிமை நகலெடுக்க வேண்டும், அந்தக் காலத்தில் நகலெடுத்தால் படம் மங்கிவிடும். இதில் ஒன்பது முகமும் தெளிவாக இருக்கிறது.

தூத்துக்குடிக்காரன்: யூடியூபில் பார்த்தேன். எனக்கு மங்கலாகத்தான் தெரிந்தது.

ரீல்பெட்டி: அது உங்கள் யூடியூப் பிரதியின் கோளாறு. நல்ல பிரதியில் பார்த்துவிட்டு வாருங்கள். ஒன்பது முறையும் ஒரே வேகம்தான்.