டெக்சாஸ் எல்விஎன் லைசென்ஸ் ரினியூவல்: 31-ந் தேதியோட முடியுது, சிஇ மணி பத்துமா?

நைட்ஷிப்ட்_தேவி:
எல்லாருக்கும் வணக்கம். ஹூஸ்டன்ல ஒரு நர்சிங் ஹோம்ல (வயசானவங்க தங்குற பராமரிப்பு இல்லம்) எல்விஎன்னா, அதாவது லைசென்ஸ் உள்ள வொகேஷனல் நர்ஸா இருக்கேன், ராத்திரி 7 மணிக்கு போனா மறுநாள் காலையில 7 மணிக்கு தான் வெளிய வருவேன். என் லைசென்ஸ் இந்த அக்டோபர் 31-ஓட முடியுது. 2023-ல என்கிளெக்ஸ் (நர்ஸ் லைசென்ஸ் பரீட்சை) பாஸ் பண்ணேன், 2024-ல முதல் ரினியூவல் வந்தப்போ சிஇ (தொடர் படிப்பு) எதுவும் கேக்கல, பணம் கட்டினேன் வேலை முடிஞ்சுது, அதனால எப்பவும் அப்படித்தான்னு இருந்துட்டேன். நடுவுல அம்மாவுக்கு ஸ்ட்ரோக் வந்து மதுரைக்கு போயி ரெண்டரை மாசம் ஆஸ்பத்திரியும் வீடுமா அலைஞ்சேன், இது எதுவுமே மண்டையில ஏறல. நேத்து கூட வேலை பாக்குற பொண்ணு சொல்லித்தான் 20 மணி நேரம் சிஇ வேணும்னே தெரியுது.

வீட்டுக்கு வந்து மஞ்சப்பையில போட்டு வச்சிருந்த பேப்பரையெல்லாம் தரையில பரப்பி கூட்டி பாத்தேன். ஆன்லைன்ல எடுத்தது 8 மணி, பிஎல்எஸ் (உயிர்காக்கும் அடிப்படை முதலுதவி) கிளாஸ் 4 மணி, எங்க நர்சிங் ஹோம்லயே நடத்துற இன்சர்வீஸ் (கீழ விழாம பாத்துக்கறது, கை கழுவறது, தீ டிரில்) 9 மணி. ஆக மொத்தம் 21 வருது. இது போதும்ல? யாராச்சும் தெரிஞ்சவங்க சொல்லுங்க ப்ளீஸ், நேத்துல இருந்து தூக்கமே வரல.

சான்ஹோசே_வாசு:
தேவி, என் வீட்டம்மாவும் எல்விஎன் தான். எங்களுக்கு ரெண்டு வருஷத்துக்கு 30 மணி கேக்குறாங்க, 20 இல்ல. இன்னும் 9 மணி எடுத்துருங்க.

கேட்டி_மலர்:
வாசு அண்ணா, நீங்க சொல்றது கலிஃபோர்னியா கணக்கு. அது வேற போர்டு (லைசென்ஸ் குடுக்குற அரசு அமைப்பு). டெக்சாஸ்ல 20 தான், ரெண்டு வருஷத்துக்கு ஒருக்கா, நாம பொறந்த மாசத்தோட கடைசி நாள்ல முடியும். ரெட்டைப்படை வருஷத்துல பொறந்தவங்களுக்கு ரெட்டைப்படை வருஷம், ஒத்தைப்படைன்னா ஒத்தைப்படை. தேவி 1988-ன்னு நெனக்கிறேன், சரியா வருது.

ஆனா தேவிம்மா, உன் 21 மணி செல்லாதுடா. பிஎல்எஸ், சிபிஆர் (நெஞ்ச அமுக்கி உயிர் காக்குறது) ரெண்டையும் டெக்சாஸ் போர்டு சிஇ கணக்குல எடுத்துக்காது. வேலை செய்யற இடத்துல நடத்துற இன்சர்வீஸும், புதுசா சேரும்போது குடுக்குற ஓரியண்டேஷனும் அப்படித்தான், கையெழுத்து போட்ட ஷீட் நூறு வச்சிருந்தாலும் ஒண்ணும் ஆகாது. உன் கையில உண்மையா இருக்குறது அந்த 8 தான், அதுவும் சர்டிஃபிகேட்ல அங்கீகாரம் குடுத்த அமைப்போட பேரும் எத்தனை கான்டாக்ட் அவர், அதாவது எத்தனை மணி நேரம் படிச்சதுன்னும் போட்டிருந்தா. எடுத்து பாரு. இன்னும் 12 வேணும்.

அந்த 12-ல எதை எடுக்கணும்கிறது தான் முக்கியம். நேரடியா பேஷண்ட் பாக்குற நர்ஸ் எல்லாரும் ஒவ்வொரு ரினியூவலுக்கும் ஆள்கடத்தல் தடுப்பு கோர்ஸ் ஒண்ணு முடிக்கணும், 2020 செப்டம்பர்ல இருந்து இது இருக்கு. மாநில ஹெல்த் அண்ட் ஹியூமன் சர்வீசஸ் கமிஷன் அங்கீகரிச்ச கோர்ஸா இருக்கணும், லிஸ்ட் அவங்க சைட்லயே இருக்கு, அதுல இலவசமா இருக்குறதே நிறைய. அடுத்து நீ நர்சிங் ஹோம்ல இருக்க, வயசானவங்கள தான் பாக்குற, அதனால முதியோர் பராமரிப்புல 2 மணி கண்டிப்பா எடுக்கணும். சட்டமும் நெறிமுறையும்னு 2 மணி கோர்ஸ் மூணு ரினியூவலுக்கு ஒருக்கா தான், ஆனா இப்பவே எடுத்து வச்சுக்கோ. இதெல்லாம் அந்த 20-க்குள்ளயே வந்துரும், தனியா இல்ல. மிச்சத்துக்கு உனக்கு வேலையில உதவுறதா பாத்து எடு, டிமென்ஷியா, படுக்கைப்புண், இன்சுலின் இந்த மாதிரி.

நைட்ஷிப்ட்_தேவி:
அக்கா ரொம்ப நன்றி. ஒருவேளை 31-க்குள்ள முடியலன்னா? சர்டிஃபிகேட் அப்லோட் கேக்கலயாமே, முடிச்சிட்டேன்னு டிக் பண்ணிட்டு நவம்பர்ல முடிச்சா ஆகாதா? கூட இருக்குற ஒருத்தவங்க அப்படித்தான் பண்ணாங்களாம்.

டல்லஸ்_அன்பு:
வேணாங்க தேவி. அந்த டிக் போர்டுக்கு நீங்க எழுதி குடுக்குற வாக்குமூலம். ஆடிட்ல யார் பேரு வேணா வரலாம், அப்போ சர்டிஃபிகேட்ல தேதி நவம்பர்னு இருந்தா பொய் சொன்னதா ஆயிரும், லைசென்ஸ் மேலயே நடவடிக்கை வரும். முடியலன்னா 1-ந் தேதியில இருந்து ஷிப்ட் போகாதீங்க, அவ்ளோ தான், மணி முடிச்சிட்டு லேட் ஃபீஸோட ரினியூ பண்ணிக்கலாம். ஆனா காலாவதியான லைசென்ஸோட மெட் கார்ட்ட (மருந்து வண்டிய) தொடவே கூடாது. நான் தெரியாம மூணு ஷிப்ட் போயிட்டேன் நாலு வருஷம் முன்னாடி. நாலாவது நாள் ராத்திரி மாத்திரை எண்ணிட்டு இருக்கும்போது டைரக்டர் கூப்பிட்டு சாவிக்கொத்த வாங்கிக்கிட்டாங்க. பக்கத்து ரூம் பாட்டி "வேர் ஆர் யூ கோயிங் ஹனி"ன்னு கேட்டது இன்னும் காதுல இருக்கு. அந்த மூணு நாளுக்கு விளக்கம் எழுதி குடுத்து, மறுபடி வேலைக்கு போக ஆறு வாரம் ஆச்சு.

நர்சிஸ்ல (நர்ஸ் லைசென்ஸ் விவரம் பாக்குற வெப்சைட்) இ-நோட்டிஃபைன்னு இலவசமா இருக்கு, அதுல பதிஞ்சு வைங்க, முடியப்போகுதுன்னா ஈமெயில் வரும். அப்புறம் நம்மாளுங்களுக்குன்னே ஒரு பிரச்சனை, பேரு. ஆன்லைன் கோர்ஸ்ல "தேவி கே"ன்னு அடிச்சிருப்போம், லைசென்ஸ்ல அப்பா பேரு முழுசா கடைசி பேரா நிக்கும். லைசென்ஸ்ல இருக்குற மாதிரியே சர்டிஃபிகேட் எடுங்க. சர்டிஃபிகேட்ட மூணு ரினியூவல், அதாவது ஆறு வருஷம் பத்திரமா வைக்கணும். மஞ்சப்பை வேணாம், ஸ்கேன் பண்ணி வைங்க.

சான்ஹோசே_வாசு:
மன்னிச்சிருங்கம்மா, அவசரத்துல எங்க ஊர் கணக்க சொல்லிட்டேன். மலர் சொல்றது தான் சரி. ஒண்ணு மட்டும், இந்த பக்கம் குடிவர்ற யோசனை இருந்தா டெக்சாஸ் மல்டிஸ்டேட் லைசென்ஸ் (பல மாநிலத்துல செல்லுறது) இங்க செல்லாது, கலிஃபோர்னியா அந்த காம்பாக்ட்ல, அதாவது மாநிலங்களுக்குள்ள இருக்குற ஒப்பந்தத்துல இல்ல, தனியா அப்ளை பண்ணனும்.

நைட்ஷிப்ட்_தேவி:
17 நாள் கழிச்சு எழுதுறேன். அந்த பழைய 8-ல 2 மணி சர்டிஃபிகேட்ல அங்கீகாரமே போடல, அதனால 14 எடுத்தேன். ஆள்கடத்தல் கோர்ஸ முதல்ல முடிச்சேன், லீவு நாள்ல பிள்ளைங்க தூங்குனதும் ஒவ்வொண்ணா. ஸ்ட்ரோக் வந்தவங்களுக்கு சாப்பாடு விழுங்குறத பத்தி ஒண்ணு எடுத்தேன், அதுல சொன்ன மாதிரி அம்மாவுக்கு நிமிர்ந்து உக்காரவச்சு, தாடைய கொஞ்சம் கீழ வச்சு குடுக்கலாமான்னு டாக்டர்ட்ட கேக்க சொல்லி தம்பிட்ட சொன்னேன். அவரும் சரின்னுட்டாராம், புரையேறுறது கொஞ்சம் கொறஞ்சிருக்காம்.

நேத்து பணம் கட்டிட்டேன். இன்னைக்கு நர்சிஸ்ல பாத்தேன், 2028 அக்டோபர் 31-ன்னு காட்டுது. மலர் அக்கா, அன்பு அண்ணா, நல்லா இருங்க. இன்னைக்கு ராத்திரி ஷிப்ட் இருக்கு, போயி கொஞ்ச நேரம் தூங்குறேன்.